வாஷிங்டன் மாநிலத்தின் பத்து காங்கிரஸ் தொகுதிகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எந்த வாஷிங்டனைப் பற்றிய பக்கம் இது?

அமெரிக்காவின் வடமேற்கு மூலையில், கனடாவின் எல்லையை ஒட்டி, பசிபிக் கரையில் இருக்கும் வாஷிங்டன் மாநிலத்தைப் பற்றியது. வெள்ளை மாளிகை இருக்கும் தலைநகர் வாஷிங்டன் வேறு. அது நாட்டின் எதிர்க்கரையில் இருக்கிறது, அதற்கு வாக்குரிமை உள்ள காங்கிரஸ் உறுப்பினரே கிடையாது. இன்னொரு பெயர்க் குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துக்கொள்வது நல்லது. இந்தப் பக்கத்தில் காங்கிரஸ் என்பது கட்சியின் பெயரன்று, அமெரிக்க நாடாளுமன்றத்தின் பெயர். அதன் இரு அவைகளில் 435 உறுப்பினர்கள் கொண்ட பிரதிநிதிகள் சபைக்கு இரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறை முழுமையாகத் தேர்தல் நடக்கிறது. அந்த 435 இடங்களில் பத்து இடங்கள் வாஷிங்டன் மாநிலத்துக்கு உரியவை. பத்தாவது தொகுதி 2010 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குப் பிறகு கிடைத்தது. 2012இல் அதற்கு முதல் தேர்தல் நடந்தது. 2020 கணக்கெடுப்பில் மாநிலத்தின் மக்கள்தொகை 77,05,281 என்று வந்தது. ஆகவே ஒரு தொகுதிக்குச் சுமார் 7,70,500 பேர்.

அந்தப் பத்துத் தொகுதிகள் எங்கே இருக்கின்றன? 2024இல் யார் வென்றார்கள்?

மாநிலத்தை வடக்கு தெற்காக இரண்டாகப் பிளக்கும் கேஸ்கேட் மலைத்தொடரை முதலில் மனத்தில் கொள்ள வேண்டும். மலைக்கு மேற்கே மழை, துறைமுகங்கள், சியாட்டில் நகரம், மென்பொருள் நிறுவனங்கள். கிழக்கே வறண்ட சமவெளி, ஆப்பிள் தோட்டங்கள், கோதுமை வயல்கள். மேற்கு பெரும்பாலும் ஜனநாயகக் கட்சிக்கும், கிழக்கு பெரும்பாலும் குடியரசுக் கட்சிக்கும் வாக்களிக்கிறது. மாநிலத்தின் அரசியலில் பாதியை அந்த மலையே சொல்லிவிடும்.

2024 நவம்பரில் ஜனநாயகக் கட்சி எட்டு இடங்களையும் குடியரசுக் கட்சி இரண்டு இடங்களையும் வென்றன. சியாட்டிலின் கிழக்குப் புறநகர்களை உள்ளடக்கிய முதல் தொகுதியில் சூசன் டெல்பீனியும், வடமேற்குக் கரையிலுள்ள இரண்டாம் தொகுதியில் 2000ஆம் ஆண்டு முதல் வென்றுவரும் ரிக் லார்சனும் வெற்றி பெற்றார்கள். தென்மேற்கு மூலையிலுள்ள மூன்றாம் தொகுதி மேரி குளூசன்கேம்ப் பெரெஸுக்குப் போனது. யாக்கிமா பள்ளத்தாக்கு அடங்கிய நான்காம் தொகுதியில் குடியரசுக் கட்சியின் டேன் நியூஹவுஸும், ஸ்போக்கேன் நகரை மையமாகக் கொண்ட ஐந்தாம் தொகுதியில் அதே கட்சியின் மைக்கேல் பாம்கார்ட்னரும் வென்றார்கள். ஒலிம்பிக் தீபகற்பம் அடங்கிய ஆறாம் தொகுதியில் டெரெக் கில்மர் விலகிக்கொள்ள, எமிலி ராண்டல் வந்தார். சியாட்டில் அடங்கிய ஏழாம் தொகுதியைப் பிரமிளா ஜெயபாலும், மலையின் இரு புறமும் விரிந்து கிடக்கும் எட்டாம் தொகுதியைக் குழந்தை மருத்துவரான கிம் ஷ்ரையரும், ஒன்பதாம் தொகுதியை ஆடம் ஸ்மித்தும், மாநிலத் தலைநகர் ஒலிம்பியா இருக்கும் பத்தாம் தொகுதியை மெரிலின் ஸ்டிரிக்லண்டும் தக்கவைத்துக்கொண்டார்கள்.

அந்த ஆண்டு நாடு முழுவதிலும் குடியரசுக் கட்சி 220, ஜனநாயகக் கட்சி 215 என்று சபை அமைந்தது. ஐந்தே இடங்கள்தான் வித்தியாசம் என்பதால், எங்கோ ஒரு மூலையில் இருக்கும் மூன்றாம் தொகுதியின் மீதும் நாடே கண் வைத்திருந்தது.

ஒவ்வொரு கட்சியும் தன் வேட்பாளரைத் தனித்தனியாகத் தேர்ந்தெடுப்பதில்லையா?

இல்லை. பெரும்பாலான மாநிலங்களில் முதற்கட்டத் தேர்தல் என்பது ஒரு கட்சி தன் வேட்பாளரைத் தேர்ந்துகொள்ளும் உட்கட்சி நிகழ்வு. வாஷிங்டனில் அப்படியன்று. ஆகஸ்ட் மாதத் தொடக்கத்தில் நடக்கும் முதற்கட்டத் தேர்தலில் எல்லாக் கட்சி வேட்பாளர்களும் ஒரே வாக்குச்சீட்டில் இடம்பெறுகிறார்கள். வாக்காளர் எந்தக் கட்சியிலும் பதிந்திருக்க வேண்டியதில்லை, அவர்களில் ஒருவருக்கு வாக்களித்தால் போதும். கட்சி எதுவானாலும் அதிக வாக்குப் பெற்ற முதல் இருவர் மட்டுமே நவம்பர் தேர்தலுக்குச் செல்வார்கள். அதனால் இதற்கு ‘முதல் இருவர் முறை’ என்று பெயர்.

இது ஒரு நாளில் வந்த முறையன்று. 1935 முதலே வாஷிங்டன் வாக்காளர்கள், ஒரு பதவிக்கு ஒரு கட்சி, மற்றொரு பதவிக்கு வேறொரு கட்சி என்று முதற்கட்டத் தேர்தலில் விருப்பம்போல் வாக்களித்து வந்தார்கள். கலிஃபோர்னியாவில் இருந்த இதே போன்ற முறையை 2000இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தங்கள் வேட்பாளரைத் தேர்ந்தெடுப்பதில் மாற்றுக் கட்சிக்காரர்கள் தலையிடுவது கட்சிகளின் கூடிச் செயல்படும் உரிமைக்கு முரண் என்பது தீர்ப்பின் சாரம். அதைத் தொடர்ந்து 2003இல் வாஷிங்டனின் பழைய முறையும் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் வீழ்ந்தது. முதல் இருவர் முறையைக் கோரி விவசாயிகள் சங்கமான கிரேஞ்ச் முன்வைத்த 872ஆம் எண் மக்கள் முன்முயற்சியை (மக்களே முன்மொழிந்து வாக்கெடுப்பில் முடிவுசெய்யும் சட்டத்தை) 2004இல் வாக்காளர்கள் நிறைவேற்றினார்கள். கட்சிகள் மறுபடியும் வழக்குப் போட்டன. 2008 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் 7க்கு 2 என்ற கணக்கில் புதிய முறையை அனுமதித்தது, அதே ஆண்டு ஆகஸ்டில் அது நடைமுறைக்கு வந்தது.

வாக்குச்சீட்டில் ஒவ்வொரு பெயருக்கும் கீழே ‘இந்தக் கட்சியை விரும்புகிறார்’ என்று ஏன் அச்சிடுகிறார்கள்?

மேலே சொன்ன வழக்குகளின் தழும்பு அது. ‘ஜனநாயகக் கட்சி வேட்பாளர்’ என்று அச்சிட்டால் கட்சி அவரை நிறுத்தியதாகப் பொருளாகிவிடும். ‘ஜனநாயகக் கட்சியை விரும்புகிறார்’ என்றால், அது அவருடைய சொந்த விருப்பத்தின் அறிவிப்பு மட்டுமே. கட்சிக்கு அவரைப் பிடிக்கிறதா என்பது வேறு விஷயம். உச்ச நீதிமன்றத்தில் இந்த முறை தப்பிப் பிழைத்ததற்கு இந்த ஒரு சொல்லே பெருங்காரணம்.

அப்படியானால் நவம்பரில் ஒரே கட்சியைச் சேர்ந்த இருவர் மோத முடியுமா?

முடியும், நடந்தும் இருக்கிறது. நான்காம் தொகுதியில் 2014, 2016 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் டேன் நியூஹவுஸும் கிளின்ட் டிடியரும் மோதினார்கள். இருவருமே குடியரசுக் கட்சியினர். ஒன்பதாம் தொகுதியில் 2018இலும் 2024இலும் ஆடம் ஸ்மித்தை எதிர்த்து நின்றவர் அவருடைய கட்சியைச் சேர்ந்தவரே. பத்தாம் தொகுதியில் 2020இல் மெரிலின் ஸ்டிரிக்லண்ட் வென்றதும் இப்படிப்பட்ட போட்டியில்தான். சியோலில் கொரியத் தாய்க்குப் பிறந்த அவர், 2021 ஜனவரியில் கொரியர்களின் மரபு உடையான ஹான்பொக் அணிந்து பதவியேற்றார்.

தமிழ் வாசகர்களுக்கு நெருக்கமான உதாரணம் ஏழாம் தொகுதி. 28 ஆண்டுகள் அந்தத் தொகுதியின் உறுப்பினராக இருந்த ஜிம் மெக்டெர்மட் 2016இல் ஓய்வு பெற்றார். சென்னையில் 1965இல் மலையாளக் குடும்பத்தில் பிறந்து, இந்தோனேசியாவிலும் சிங்கப்பூரிலும் வளர்ந்து, பதினாறு வயதில் கல்லூரிப் படிப்புக்காகத் தனியாக அமெரிக்கா வந்த பிரமிளா ஜெயபால் களமிறங்கினார். முதற்கட்டத்தில் ஜோ மெக்டெர்மட் என்பவரும் இருந்தார். ஓய்வு பெற்றவருக்கும் இவருக்கும் பெயர் ஒற்றுமையைத் தவிர உறவு ஏதும் இல்லை. நவம்பரில் ஜெயபாலுக்கு எதிரே நின்ற பிரேடி வாக்கின்ஷாவும் ஜனநாயகக் கட்சியினரே. ஜெயபால் வென்று, பிரதிநிதிகள் சபைக்குத் தேர்வான முதல் இந்திய அமெரிக்கப் பெண்மணி ஆனார். கட்சி முதற்கட்டத் தேர்தல் உள்ள மாநிலமாக இருந்தால், இத்தகைய தொகுதியில் ஆகஸ்டிலேயே எல்லாம் முடிந்து, நவம்பர் வெறும் சடங்காகியிருக்கும்.

2022இல் மூன்றாம் தொகுதியில் நடந்தது என்ன? ஏன் இன்னும் அதைப் பற்றியே பேசுகிறார்கள்?

முதல் இருவர் முறையின் பலமும் பலவீனமும் ஒரே தேர்தலில் வெளிப்பட்டதால்தான்.

2010 முதல் அந்தத் தொகுதியை வென்றுவந்தவர் குடியரசுக் கட்சியின் ஜேமி ஹெரேரா பட்லர். 2021 ஜனவரியில் அதிபர் டிரம்ப் மீதான பதவிநீக்கக் குற்றச்சாட்டுத் தீர்மானத்தை ஆதரித்து வாக்களித்த பத்துக் குடியரசுக் கட்சி உறுப்பினர்களில் அவரும் ஒருவர். அதற்குப் பதிலடியாக, டிரம்பின் ஆதரவுடன் முன்னாள் சிறப்புப் படை வீரர் ஜோ கென்ட் போட்டியிட்டார். அதே கட்சியில் இன்னும் சிலரும் நின்றார்கள். ஜனநாயகக் கட்சித் தரப்பிலோ வாக்குகள் ஏறத்தாழ முழுவதும் ஒருவரிடம் சேர்ந்தன: கணவருடன் சேர்ந்து கார் பழுதுபார்க்கும் பட்டறை நடத்திய மேரி குளூசன்கேம்ப் பெரெஸ்.

ஆகஸ்ட் 2 இரவு வெளியான முதல் எண்ணிக்கையில் ஹெரேரா பட்லர் இரண்டாம் இடத்தில், கென்டுக்கு மேலே இருந்தார். அடுத்தடுத்த நாள்களில் எண்ணப்பட்ட வாக்குகள் கென்டுக்குச் சாதகமாக வந்துகொண்டே இருந்தன. இடைவெளி சுருங்கி, பிறகு தலைகீழாகி, ஒரு வாரத்தில் ஹெரேரா பட்லர் தோல்வியை ஒப்புக்கொண்டார். இரண்டாம் இடத்துக்கும் மூன்றாம் இடத்துக்கும் இடையே இருந்தது ஏறக்குறைய அரை சதவீதம்.

நவம்பரில் கென்ட் எளிதாக வெல்வார் என்றே கணித்தவர்கள் பெரும்பாலும் நினைத்தார்கள். ஆனால் குளூசன்கேம்ப் பெரெஸ் சுமார் 2,600 வாக்குகள் வித்தியாசத்தில் வென்றார். கென்ட் தன் செலவில் மறு எண்ணிக்கை கேட்டும் முடிவு மாறவில்லை. 2024இல் அதே இருவரும் மீண்டும் மோதினார்கள். அந்தத் தொகுதி அதிபர் தேர்தலில் டிரம்பை ஆதரித்தபோதும், குளூசன்கேம்ப் பெரெஸ் முந்தைய முறையைவிடக் கூடுதல் வித்தியாசத்தில் வென்றார்.

ஹெரேரா பட்லர் நவம்பர் வாக்குச்சீட்டில் இடம்பிடித்திருந்தால் அந்தத் தொகுதி குடியரசுக் கட்சியிடமே இருந்திருக்கும் என்பது என் கணிப்பு. அதை நிரூபிக்க வழியில்லை. ஆனால் ஒன்று உறுதி: அந்தத் தொகுதியின் விதி ஆகஸ்டில், வேட்பாளர்களின் எண்ணிக்கையால் எழுதப்பட்டது.

அப்படியானால் இந்த முறை நடுநிலையாளர்களைக் காக்கிறது என்ற வாதம் பொய்யா?

பாதி உண்மை. மேலே சொன்ன பத்துப் பேரில் இருவர் வாஷிங்டன் மாநிலத்தவர். மற்றவர் நான்காம் தொகுதியின் நியூஹவுஸ். 2022 தேர்தலுக்குப் பிறகு அந்தப் பத்துப் பேரில் சபையில் எஞ்சியவர்கள் இருவர் மட்டுமே, நியூஹவுஸும் கலிஃபோர்னியாவின் டேவிட் வலடாவோவும். இருவருமே முதல் இருவர் முறை உள்ள மாநிலங்களைச் சேர்ந்தவர்கள் என்பது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. ஆனால் அதே முறைதான் ஹெரேரா பட்லரை வெளியேற்றியது. 2022இல் நியூஹவுஸின் எதிர்ப்பு வாக்குகள் பலரிடம் சிதறின, அவர் சுமார் கால் பங்கு வாக்குடன் முதலிடம் பிடித்தார்.

2024இல் நிலைமை இன்னும் நுட்பமானது. ஆகஸ்டில் டிரம்ப் ஆதரவு பெற்ற ஜெரோட் செஸ்லர் முதலிடமும் நியூஹவுஸ் இரண்டாமிடமும் பெற, நவம்பர் சீட்டில் ஜனநாயகக் கட்சியினர் ஒருவரும் இல்லை. அந்தத் தொகுதியின் ஜனநாயகக் கட்சி வாக்காளர் என்ன செய்வார்? வீட்டிலேயே சீட்டை நிரப்பும்போது அந்தப் பகுதியைக் காலியாக விடலாம், அல்லது இருவரில் தனக்குக் குறைவாகக் கசப்பவரைத் தேர்ந்தெடுக்கலாம். நியூஹவுஸ் சுமார் 52 சதவீதத்துடன் வென்றார். குடியரசுக் கட்சிக்காரர்கள் மட்டும் வாக்களித்திருந்தால் அவர் பிழைத்திருப்பது கடினம்.

தொகுதிகளின் எல்லையை யார் வரைகிறார்கள்?

1983இல் வாக்காளர்கள் ஏற்ற அரசியலமைப்புத் திருத்தத்தின்படி, ஐந்து பேர் கொண்ட தனி ஆணையம் வரைகிறது. மாநிலச் சட்டமன்றத்தின் இரு அவைகளிலும் உள்ள இரு கட்சிகளின் தலைவர்கள் தலா ஒருவரை நியமிப்பார்கள். அந்த நால்வரும் சேர்ந்து வாக்குரிமை இல்லாத தலைவர் ஒருவரைத் தேர்ந்தெடுப்பார்கள். நால்வரில் மூவர் ஒப்புக்கொண்டால்தான் வரைபடம் நிறைவேறும். எனவே ஒரு கட்சி தனியாக எதையும் செய்துவிட முடியாது. சட்டமன்றம் அதில் சிறு திருத்தங்களை மட்டும், அதுவும் மூன்றில் இரண்டு பங்குப் பெரும்பான்மையுடன் செய்யலாம்.

கேட்பதற்கு அழகாக இருக்கும் இந்த ஏற்பாடு 2021இல் பொதுமக்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே தடுமாறியது. நவம்பர் 15 நள்ளிரவு கெடு. அன்று மாலை இணையத்தில் ஒளிபரப்பான கூட்டத்தின் பெரும்பகுதி இடைவேளையாகவே கழிந்தது. பேரம் திரைக்குப் பின்னால் நடந்தது. கெடு நெருங்கும் கடைசி நிமிடங்களில் வாக்கெடுப்பு நடந்தபோது, மக்கள் பார்ப்பதற்கு வரைபடமே முன்வைக்கப்படவில்லை. கெடு தவறியதால் பொறுப்பு மாநில உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. நீதிமன்றமோ, ஆணையம் தன் கடமையைப் போதிய அளவு நிறைவேற்றிவிட்டது என்று கூறி, டிசம்பரில் அதே வரைபடத்தையே ஏற்றது. வாக்குரிமை கொண்ட அந்த நான்கு உறுப்பினர்களில் ஒருவர், 2016இல் ஜெயபாலிடம் தோற்ற அதே பிரேடி வாக்கின்ஷா.

டெக்சஸும் கலிஃபோர்னியாவும் 2025இல் செய்ததைப் போல, அடுத்த மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குக் காத்திராமல் இடையிலேயே வரைபடத்தை மாற்ற முடியாதா?

டெக்சஸ் சட்டமன்றம் 2025 ஆகஸ்டில் வரைபடத்தை மாற்றியது. அதற்குப் பதிலடியாகக் கலிஃபோர்னியா வாக்காளர்கள் நவம்பரில் தங்கள் மாநிலத்துக்குப் புதிய வரைபடத்தை ஏற்றார்கள். வாஷிங்டனில் ஆணையத்தை மறுபடி கூட்டவே இரு அவைகளிலும் மூன்றில் இரண்டு பங்கு வேண்டும். ஜனநாயகக் கட்சிக்குப் பெரும்பான்மை உண்டு, மூன்றில் இரண்டு பங்கு இல்லை.

வாக்களிப்பது எப்படி? வாக்குச்சாவடி எங்கே?

வாடிக்கையான வாக்குச்சாவடிகள் இல்லை. 2011 சட்டத்துக்குப் பிறகு மாநிலம் முழுவதும் அஞ்சல் வழி வாக்களிப்பே நடக்கிறது. தேர்தலுக்குப் பதினெட்டு நாள்களுக்கு முன்பே, பதிவு செய்த ஒவ்வொருவரின் வீட்டுக்கும் வாக்குச்சீட்டும் திருப்பி அனுப்பும் உறையும் வந்துவிடும். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, பேனாவால் கட்டங்களை நிரப்பி, சீட்டை மடித்து உறையிலிட்டு, உறையின் மேல் உள்ள உறுதிமொழிக்குக் கீழே கையெழுத்தும் தேதியும் இட வேண்டும். அஞ்சல்தலை ஒட்ட வேண்டியதில்லை. அஞ்சலில் அனுப்பலாம்; அல்லது நூலகங்கள், பேருந்து நிலையங்கள் போன்ற இடங்களில் தரையில் பொருத்தப்பட்டிருக்கும் கனமான இரும்பு வாக்குப் பெட்டிகளில் தேர்தல் நாள் இரவு 8 மணிக்குள் போடலாம். மாற்றுத்திறனாளிகளுக்கும் நேரில் உதவி வேண்டுவோருக்கும் வாக்களிப்பு மையங்கள் உண்டு.

அந்தக் கையெழுத்துதான் அடையாள அட்டை. பதிவில் உள்ள கையெழுத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். பொருந்தாவிட்டால் உடனே குப்பையில் போடாமல் வாக்காளருக்குத் தகவல் அனுப்பி, சரிசெய்ய அவகாசம் கொடுப்பார்கள். ஆண்டுக்கணக்கில் கணினியிலேயே எழுதிப் பழகி, கையெழுத்து மாறிப்போனவர்களுக்கு இந்தக் கடிதம் வருவது உண்டு.

பெட்டிகள் பாதுகாப்பானவையா?

பெரும்பாலும். ஆனால் 2024 அக்டோபர் 28 அதிகாலை, மூன்றாம் தொகுதியின் பெரிய நகரமான வான்கூவரில் (கனடாவில் இருப்பது வேறு வான்கூவர்) பேருந்து மையம் ஒன்றின் அருகே இருந்த பெட்டிக்கு யாரோ தீ வைத்தார்கள். உள்ளே தீயணைப்புச் சாதனம் இருந்தும் நூற்றுக்கணக்கான சீட்டுகள் சேதமாயின. அதே நாளில் கொலம்பியா ஆற்றுக்கு அப்பால், அண்டை மாநிலமான ஒரிகனின் போர்ட்லண்டில் தாக்கப்பட்ட பெட்டியில் மூன்று சீட்டுகள் மட்டுமே பாதிக்கப்பட்டன. கருகிய உறைகளில் படிக்க முடிந்த பெயர்களை ஊழியர்கள் ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்து, அவர்களுக்கு மாற்றுச் சீட்டு அனுப்பினார்கள். தன் உறை வந்து சேர்ந்ததா என்று இணையத்தில் பார்க்கும் வசதி இருப்பதால், மற்றவர்களும் சரிபார்த்து மாற்றுச் சீட்டு கேட்க முடிந்தது.

முடிவு வர ஏன் இத்தனை நாள் ஆகிறது?

மாநிலச் சட்டப்படி, தேர்தல் நாளுக்குள் அஞ்சல் முத்திரை பெற்ற உறை அதற்குப் பின் வந்து சேர்ந்தாலும் செல்லும். எனவே தேர்தல் இரவில் வெளியாவது அதுவரை கையில் இருந்த சீட்டுகளின் கணக்கு மட்டுமே. கவுன்ட்டிகள் (நம் மாவட்டங்களைப் போன்ற நிர்வாகப் பிரிவுகள்) முதற்கட்ட முடிவைப் பதினான்காம் நாளும் நவம்பர் முடிவை இருபத்தோராம் நாளும் உறுதிசெய்கின்றன. முத்திரை விஷயத்தில் ஓர் எச்சரிக்கை: தேர்தல் நாள் மாலை கடைசி வண்டி போன பிறகு அஞ்சல் பெட்டியில் போட்டால் மறுநாள் தேதி விழுந்து வாக்கு வீணாகும். கடைசி நேரமென்றால் இரும்புப் பெட்டியே நல்லது.

வித்தியாசம் 2,000 வாக்குகளுக்கும், அதோடு அரை சதவீதத்துக்கும் குறைவாக இருந்தால் இயந்திர மறு எண்ணிக்கை கட்டாயம். மூன்றாம் தொகுதியின் 2022 முடிவு இந்த வரம்புக்கு வெளியே இருந்ததால்தான் கென்ட் செலவை ஏற்க வேண்டியதாயிற்று.

யார் போட்டியிடலாம்?

25 வயது நிரம்பியவராக, ஏழு ஆண்டுகளாவது அமெரிக்கக் குடியுரிமை பெற்றவராக, தேர்வாகும்போது அந்த மாநிலத்தில் வசிப்பவராக இருக்க வேண்டும். அதே தொகுதியில் வசிக்க வேண்டும் என்ற கட்டாயம் அமெரிக்க அரசியலமைப்பில் இல்லை. மே மாதத்தில் ஒரு வாரம் மனுத்தாக்கல். பதவியின் ஆண்டுச் சம்பளத்தில் ஒரு சதவீதம் கட்டணம்; சம்பளம் 1,74,000 டாலர் என்பதால் 1,740 டாலர். இது கட்டணம், டெபாசிட் அன்று. எத்தனை வாக்கு வாங்கினாலும் திரும்பி வராது.

ரெட்மண்டில் வேலை பார்க்கிறேன், கிரீன் கார்டு இருக்கிறது. வாக்களிக்கலாமா?

கூடாது. குடியுரிமை பெற்றவர்கள் மட்டுமே வாக்களிக்கலாம். ஓட்டுநர் உரிமம் எடுக்கும்போது வாக்காளர் பதிவுக்கான கேள்வி வந்தால் கவனமாக மறுத்துவிடுங்கள். தெரியாமல் பதிந்து வாக்களித்தாலும் குடிவரவு விண்ணப்பம் பெரும் சிக்கலுக்குள்ளாகும். குடியுரிமை பெற்ற பின் தேர்தல் நாள் அன்றுகூட நேரில் சென்று பதிவு செய்து வாக்களிக்கலாம். நவம்பர் தேர்தலுக்குள் 18 வயது நிரம்பும் 17 வயதுப் பிள்ளைகள் ஆகஸ்டிலேயே வாக்களிக்கலாம் என்பதையும் வீட்டில் சொல்லிவையுங்கள்.

எட்டுக்கு இரண்டு என்ற இந்த நிலை நிரந்தரமா?

1992இல் ஒன்பது தொகுதிகளில் எட்டை ஜனநாயகக் கட்சி வென்றிருந்தது. இரண்டே ஆண்டில், 1994இல், குடியரசுக் கட்சி ஏழு, ஜனநாயகக் கட்சி இரண்டு. அந்த அலையில் வீழ்ந்தவர்களில் ஐந்தாம் தொகுதியை முப்பது ஆண்டுகள் வைத்திருந்த டாம் ஃபோலியும் ஒருவர். அவர் அப்போது சபாநாயகர். 1862க்குப் பிறகு பதவியில் இருந்த சபாநாயகர் ஒருவர் தன் தொகுதியில் தோற்றது அதுவே முதல் முறை. உறுப்பினர் பதவிக் காலத்துக்கு வரம்பு விதித்து வாக்காளர்கள் நிறைவேற்றிய சட்டத்தை எதிர்த்து அவர் நீதிமன்றம் சென்றது சொந்த ஊரில் பெரும் கோபத்தைக் கிளப்பியிருந்தது. மூன்று தவணைக்கு மேல் இருக்கமாட்டேன் என்று வாக்குறுதி தந்து அவரை வென்ற ஜார்ஜ் நெதர்கட், ஐந்து தவணை இருந்தார்.

ஆகஸ்டைத் தவறவிட்டால் நவம்பரில் வாக்களிக்க முடியுமா?

தாராளமாக முடியும். 2024 ஆகஸ்டில் வாக்களித்தவர்கள் பதிவு செய்தவர்களில் பத்தில் நான்கு பேர்தான். நவம்பரில் பத்தில் எட்டுப் பேர் அளவுக்கு வாக்களித்தார்கள். அந்தக் கூடுதல் நான்கு பேருக்குக் கிடைத்தது, முந்தைய நான்கு பேர் தேர்ந்து வைத்த இரண்டு பெயர்கள். அதே ஆகஸ்டில் மாநிலப் பொது நில ஆணையர் பதவிக்கு நடந்த முதற்கட்டத் தேர்தலில் முதலிடம் பிடித்தவர் ஹெரேரா பட்லர். இரண்டாம் இடத்துக்கு, பத்தொன்பது லட்சத்துக்கு அருகில் விழுந்த வாக்குகளில், டேவ் அப்தெகுரோவ் 51 வாக்குகளால் முந்தினார். கையால் மறுபடி எண்ணியபோது அது 49 ஆனது. நவம்பரில் அப்தெகுரோவ் ஹெரேரா பட்லரைத் தோற்கடித்து ஆணையரானார்.